நவூரு தானாகக் கெட்டதா, கெடுக்கப்பட்டதா?

கணக்கர் (மல்லேஸ்வரம்), சனி இரவு 9.40

பேரனுக்கு உலக வரைபடம் காட்டிக்கொண்டிருந்தேன். பசிபிக் கடலின் நடுவே ஒரு புள்ளியில் விரலை வைத்து, “இது ஈ உட்கார்ந்த கறையா தாத்தா?” என்றான். “இல்லை, அது ஒரு நாடு, பெயர் நவூரு” என்றேன். அவன் நம்பவில்லை. அவனைக் குறை சொல்ல முடியாது. நவூருவின் பரப்பு 21 சதுர கிலோமீட்டர். நம் பெங்களூரின் லால்பாக் தோட்டம் 240 ஏக்கர், ஏறத்தாழ ஒரு சதுர கிலோமீட்டர். இருபத்தொரு லால்பாக்குகளை ஒட்டவைத்தால் ஒரு நாடு. அதைவிடச் சிறியவை வாடிகனும் மொனாக்கோவும்தான். மக்கள் தொகை பன்னிரண்டாயிரம் அளவில். பெங்களூரில் சில அடுக்குமாடிக் குடியிருப்புகளுக்குள் அடங்கிவிடுவார்கள்.

நாற்பது ஆண்டுகள் அடுத்தவர் கணக்கைத் தணிக்கை செய்து பிழைத்தவன் நான். அதனால் இந்த நாட்டின் வரவு செலவு என்னைத் தூங்க விடவில்லை. தீவின் நடுமேடு முழுவதும் பாஸ்பேட். உரத்துக்காக உலகமே அலைந்த பொருள். 1968இல் சுதந்திரம் வந்தது. 1970இல் சுரங்கம் அவர்கள் கைக்கே வந்தது. அடுத்த சில ஆண்டுகளில் தனிநபர் வருமானத்தில் உலகத்தின் முன்வரிசையில் உட்கார்ந்தார்கள். வருமான வரி கிடையாது. பள்ளி இலவசம், மருத்துவம் இலவசம், தீவில் முடியாத சிகிச்சைக்கு ஆஸ்திரேலியா. பசிபிக் முழுக்கப் பறக்க ஏர் நவூரு என்று சொந்த விமான நிறுவனம், பல சமயம் காலி இருக்கைகளோடு. மெல்போர்னில் 1977இல் 52 மாடிக் கட்டடம். பாஸ்பேட் தீர்ந்த பிறகு பேரப்பிள்ளைகள் சாப்பிடுவதற்கென்று ஓர் அறக்கட்டளை நிதி. உச்சத்தில் அதில் நூறு கோடி ஆஸ்திரேலிய டாலருக்கு மேல் இருந்தது.

பிறகு? 52 மாடியும் 2004இல் கடனுக்குப் போனது. மிச்சமிருந்த ஒரே விமானத்தை 2005 டிசம்பரில் கடன்காரர்கள் மெல்போர்னில் வைத்துப் பிடித்துக்கொண்டார்கள். 1993இல் லண்டனில் டா வின்சியைப் பற்றிய ஓர் இசை நாடகத்துக்குப் பணம் போட்டார்கள். அது சில வாரங்களிலேயே மூடப்பட்டது. கடலின் நடுவில் மீன் பிடித்துக்கொண்டிருந்தவர்களுக்கு லண்டனில் நாடகம் எதற்கு என்று கேட்க ஒரு கணக்குப்பிள்ளைகூட அங்கே இல்லை.

அற்பனுக்கு வாழ்வு வந்தால் அர்த்த ராத்திரியில் குடை பிடிப்பான் என்பார்கள். நவூருவைக் கெடுத்தது நவூருதான். மறுப்பவர்கள் வரலாம்.

மாரிக்குப்பம் (கே.ஆர்.புரம்), சனி இரவு 10.55

ஐயா, உங்கள் வயதுக்கு மரியாதை. ஆனால் “அற்பன்” என்ற இடத்தில் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

நான் கோலார் தங்கவயலில் பிறந்தவன். அப்பா சாம்பியன் ரீஃப் சுரங்கத்தில் இறங்கியவர். தாத்தா வட ஆற்காட்டிலிருந்து வந்தவர். எங்கள் ஊரைப் பற்றியும் இப்படித்தான் பேசுவார்கள்: கையில் காசு இருந்தபோது சேர்த்து வைத்தார்களா, சாராயக் கடையில் விட்டார்கள், சுரங்கம் மூடியதும் பெங்களூர் ரயிலில் தொங்குகிறார்கள் என்று. ஆகவே இந்தப் பேச்சின் வாடை எனக்குத் தூரத்திலிருந்தே தெரியும்.

தணிக்கையாளர் நீங்கள். கணக்கில் ஆரம்ப இருப்பு என்று ஒன்று உண்டல்லவா? உங்கள் ஏடு 1968இல் தொடங்குகிறது. அதற்கு முன் அறுபது ஆண்டுகள் அந்தத் தீவைத் தோண்டியது யார்?

1888இல் ஜெர்மனி அந்தத் தீவைத் தனதென்று எடுத்துக்கொண்டது. யாரும் யாரையும் கேட்கவில்லை. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, சிட்னியில் ஒரு வணிக நிறுவனத்தின் அலுவலகத்தில் கதவுக்கு முட்டுக் கொடுத்திருந்த ஒரு கல்லை ஆல்பர்ட் எல்லிஸ் என்பவர் சோதித்துப் பார்த்தார். நவூருவிலிருந்து வந்த கல். உயர்தர பாஸ்பேட். 1907இல் முதல் சரக்குக் கப்பல் கிளம்பிவிட்டது. முதல் உலகப் போரில் ஆஸ்திரேலியா தீவைப் பிடித்தது. போர் முடிந்ததும் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் கூட்டாக ஓர் ஆணையம் வைத்து, தங்கள் விவசாயிகளுக்கு உலகச் சந்தை விலைக்கும் கீழே உரம் அனுப்பின. நிலத்துக்காரனுக்கு டன்னுக்குப் பென்னிக் கணக்கில் கூலி மாதிரி ஏதோ ஒன்று. அந்த மலிவு உரத்தில் விளைந்த புல்லைத்தான் அங்கே ஆடுகள் தின்றன.

போரைப் பற்றியும் ஒரு வரி. 1942இல் ஜப்பானியர் வந்தார்கள். 1,200 நவூரு மக்களைக் கப்பலில் ஏற்றி ட்ரூக் தீவுகளுக்குக் கொண்டுபோனார்கள். 1946 ஜனவரி 31 அன்று திரும்பியவர்கள் 737 பேர். சுதந்திரத்துக்கு அவர்கள் அதே ஜனவரி 31ஐத் தேர்ந்தெடுத்தார்கள். நீங்கள் குடை பிடித்த அற்பன் என்றது இவர்களை.

இன்னொன்று. “1970இல் சுரங்கம் அவர்கள் கைக்கே வந்தது” என்று எழுதியிருக்கிறீர்கள். வரவில்லை, வாங்கினார்கள். தங்கள் மண்ணில் இருந்த சுரங்கத்துக்கு 2.1 கோடி ஆஸ்திரேலிய டாலர் கொடுத்து வாங்கினார்கள். திருடனிடமிருந்து சொந்த வண்டியை விலை பேசி வாங்கிய கதை.

வழிப்போக்கன் (எலெக்ட்ரானிக் சிட்டி), சனி இரவு 11.20

இரண்டு பெரியவர்கள் மோதும்போது நடுவில் வருவது ஆபத்துதான், இருந்தாலும் கேட்கிறேன். இருபத்தொரு லால்பாக்குக்குத் தனிக் கொடி, தனிப் பாராளுமன்றம், ஐ.நா.வில் இருக்கை எல்லாம் தேவையா? பேசாமல் ஆஸ்திரேலியாவோடு சேர்ந்திருந்தால் இந்தத் தொல்லையே இல்லையே. தீவைச் சுற்றிவரும் சாலையே இருபது கிலோமீட்டர் தேறாது. நான் தினமும் அலுவலகம் போகும் தூரம் அதைவிட அதிகம். அந்த நாட்டின் எல்லையை நான் சில்க் போர்டு நெரிசலைத் தாண்டுவதற்குள் கடந்துவிடலாம்.

வாய்தா (சிவாஜிநகர்), ஞாயிறு காலை 7.05

வழிப்போக்கன் தம்பி விளையாட்டாகக் கேட்டதை ஆஸ்திரேலியா உண்மையிலேயே கேட்டது. தீவு தோண்டித் தீரப்போகிறது, ஆகவே குவீன்ஸ்லாந்துக் கரையை ஒட்டியிருக்கும் கர்ட்டிஸ் தீவுக்கு மொத்தமாகக் குடிபெயருங்கள் என்று அறுபதுகளின் தொடக்கத்தில் பேச்சு நடந்தது. வீடு தருகிறோம், குடியுரிமை தருகிறோம் என்றார்கள். நவூருவின் தலைவர் ஹேமர் டிராபர்ட் கேட்டது ஒன்றுதான்: அங்கே எங்களை நாங்களே ஆள விடுவீர்களா? மாட்டோம் என்றார்கள். 1964இல் நவூரு மறுத்துவிட்டது. நான்கு ஆண்டுகளில் அதே டிராபர்ட் முதல் குடியரசுத் தலைவர்.

நான் வழக்கறிஞன், பெயருக்கேற்றபடி வாய்தா வாங்குபவன். ஆனால் இந்த வழக்கில் வாய்தா வாங்க மனம் வரவில்லை. “யார் கெடுத்தது” என்பதற்கு ஏற்கெனவே ஒரு பாதித் தீர்ப்பு இருக்கிறது. 1986இல் நவூரு ஒரு விசாரணைக் குழு அமைத்தது. தலைவர் யார் தெரியுமா? இலங்கைச் சட்ட அறிஞர் சி.ஜி.வீரமந்திரி. சுதந்திரத்துக்கு முன் தோண்டிய நிலத்தைச் சீர்செய்யும் பொறுப்பு ஆண்டவர்களுடையது என்று அந்தக் குழு சொன்னது. பன்னிரண்டாயிரம் பேர்கூட இல்லாத நாடு 1989இல் ஹேக் நகருக்குப் போய், சர்வதேச நீதிமன்றத்தில் ஆஸ்திரேலியா மீது வழக்குப் போட்டது. ஆஸ்திரேலியாவின் முதல் வாதம் எங்கள் கீழமை நீதிமன்றங்களில் தினமும் கேட்பதுதான்: மூன்று பேர் சேர்ந்து செய்தோம், மற்ற இருவரும் இங்கே இல்லாமல் என்னை மட்டும் எப்படி விசாரிக்கலாம்? 1992 ஜூனில் அந்த ஆட்சேபத்தை நீதிமன்றம் தள்ளியது.

வீரமந்திரி இதற்குள் அதே நீதிமன்றத்தின் நீதிபதியாகிவிட்டிருந்தார். முன்பு விசாரித்த விஷயம் என்பதால் இந்த வழக்கில் அமரவில்லை. நம் ஊரில் சிலர் கவனிக்க வேண்டிய நாகரிகம், யார் என்று சொல்லமாட்டேன்.

உள்ளே போய் வாதாடும் முன்பே ஆஸ்திரேலியா சமரசத்துக்கு வந்தது. 1993 ஒப்பந்தம்: 10.7 கோடி ஆஸ்திரேலிய டாலர். அதில் 5.7 கோடி ரொக்கம், மீதி ஆண்டுக்கு 25 லட்சமாக இருபது ஆண்டுகளுக்கு. பிரிட்டனும் நியூசிலாந்தும் ஆளுக்கு 1.2 கோடி பங்கு போட்டன. குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை, பணம் மட்டும் கொடுத்தார்கள். சமரசம் என்றால் அப்படித்தான்.

கணக்கர், ஞாயிறு காலை 8.30

மாரிக்குப்பம் அவர்களே, பழமொழியைத் திரும்பப் பெறுகிறேன். வாயில் வந்துவிட்டது. உங்கள் அப்பாவையோ ஊரையோ நான் நினைக்கவில்லை.

பழமொழியைத் தவிர வேறெதையும் திரும்பப் பெறுவதாக இல்லை. ஆரம்ப இருப்பு கேட்டீர்கள், சரி, எழுதிக்கொள்கிறேன். 1967க்கு முன் தோண்டியது ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு நிலம், வழக்கும் அதற்குத்தான். மீதியை யார் தோண்டியது? சுதந்திர நவூரு. இன்று தீவின் ஐந்தில் நான்கு பங்கு நிலம் பல் பல்லாகப் பவழப் பாறை நீட்டிக்கொண்டு நிற்கிறது. நிலத்தைச் சீர்செய்ய வந்த 10.7 கோடிக்குப் பிறகும் அந்த மேட்டின் பெரும்பகுதி அப்படியேதான் இருக்கிறது. இதையும் ஜெர்மனி தலையிலா எழுதுவீர்கள்?

பாஸ்பேட் ஒருநாள் தீரும் என்பது அவர்களுக்குத் தெரியாத ரகசியமும் அல்ல. கர்ட்டிஸ் தீவுப் பேச்சே அதனால்தானே வந்தது? தெரிந்தும் செய்தார்கள்.

பணம் வற்றிய பிறகு செய்ததைப் பாருங்கள். தொண்ணூறுகளில் நூற்றுக்கணக்கான வங்கிகளுக்கு உரிமம் கொடுத்தார்கள். வங்கி என்றால் கட்டடம், காசாளர், பெட்டகம் எதுவும் இல்லை, தீவில் ஓர் அஞ்சல் பெட்டி முகவரி மட்டும். ரஷ்யக் கறுப்புப் பணம் அந்த வழியாக ஓடியது. கறுப்புப் பணத் தடுப்பு அமைப்பு 2000இல் பட்டியலில் போட்டுக் கறுப்புப் புள்ளி வைத்தது. கடவுச்சீட்டையும் விற்றார்கள்.

பக்கத்து நாட்டைப் பாருங்கள். கிரிபட்டி. அவர்களுக்கும் பாஸ்பேட் இருந்தது, அவர்களுக்கும் தீர்ந்தது. ஆனால் 1956இல் தொடங்கிய ஒரு சேமநிதியை இன்றுவரை காப்பாற்றி வைத்திருக்கிறார்கள். சுரங்கம் 1979இல் மூடியது, நிதி நிற்கிறது. துவாலுவுக்குப் பாஸ்பேட்கூட இல்லை. 1987இல் நன்கொடை வாங்கி ஒரு நிதி வைத்தார்கள். இணைய முகவரியில் தங்கள் நாட்டுக்கு வந்த “டிவி” என்ற இரண்டெழுத்தை இணைய முகவரி விற்கும் நிறுவனத்துக்கு வாடகைக்கு விட்டுச் சம்பாதிக்கிறார்கள். இவர்களும் ஆளப்பட்டவர்கள்தான். ஏன் இவர்கள் மெல்போர்னில் 52 மாடி கட்டவில்லை?

வழிப்போக்கன், ஞாயிறு காலை 8.41

கிரிபட்டி என்றால் உசிலம்பட்டிக்குப் பக்கத்து ஊர் என்றுதான் நினைத்தேன். மன்னிக்கவும், தொடருங்கள்.

செவ்வந்தி (அல்சூர்), ஞாயிறு காலை 10.15

எழுத்தில் கிரிபட்டி, அவர்கள் உச்சரிப்பது கிரிபாஸ். ஊர்ப் பெயர் இருக்கட்டும், கணக்கர் ஐயா அந்தச் சேமநிதியை மாதிரிப் பிள்ளையாக நிறுத்தியதைத்தான் என்னால் விட முடியவில்லை. அந்தப் பணம் எந்த மண்ணிலிருந்து வந்தது என்று பார்த்தீர்களா?

நவூருவுக்குக் கிழக்கே ஏறத்தாழ 300 கிலோமீட்டரில் பனாபா என்று ஒரு தீவு. ஆறு சதுர கிலோமீட்டர். அங்கேயும் அதே எல்லிஸ், அதே பாஸ்பேட், அதே ஆணையம். போர் முடிந்ததும், 1945 டிசம்பரில், பனாபா மக்களும் மற்றவர்களுமாக ஏறத்தாழ ஆயிரம் பேரை பிஜி நாட்டின் ராபி தீவில் கொண்டுபோய் இறக்கினார்கள். இரண்டாயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால். அந்த ராபி தீவை வாங்கிய பணமும் பனாபாக்காரர்களின் பாஸ்பேட் பங்குப் பணம்தான். ஆள் இல்லாத தீவைத் தோண்டுவது சுலபமல்லவா? தோண்டினார்கள், 1979 வரை.

அந்த வருமானத்தில் பெரும்பங்கு பனாபாக்காரர்களுக்குப் போகவில்லை, கில்பர்ட் தீவுகளின், அதாவது இன்றைய கிரிபட்டியின், காலனி அரசுக்குப் போனது. அதிலிருந்து 1956இல் வைத்ததுதான் நீங்கள் மெச்சும் சேமநிதி. பனாபாக்காரர்கள் லண்டன் நீதிமன்றத்துக்குப் போனார்கள். நீதிபதி தீவுக்கே வந்து பார்த்தார். 1976இல் வந்த தீர்ப்பு, பங்குத் தொகை விஷயத்தில் தார்மிகக் கடமை வேறு, சட்டக் கடமை வேறு என்று கைவிரித்தது. வாய்தா அண்ணா, இந்த வழக்கை நீங்கள் சொல்லவில்லையே?

கிரிபட்டி சிக்கனமாக இருந்தது உண்மை, மறுக்கவில்லை. ஆனால் சேமித்தது அடுத்த வீட்டு நெல்லை. கணக்கர் ஐயா இதை எந்தப் பத்தியில் எழுதுவார்?

வாய்தா, ஞாயிறு காலை 10.32

சொல்லாததற்குக் காரணம், அது எங்கள் தொழிலுக்குப் பெருமை சேர்க்கும் வழக்கு அல்ல. பல மாதங்கள் வாதம், பெட்டி பெட்டியாக ஆவணம், முடிவில் ஒரு பெருமூச்சு. பிறகு வெளியே ஒரு கோடி ஆஸ்திரேலிய டாலர் தருகிறோம் என்று பிரிட்டன் பேசியது.

மாரிக்குப்பம், ஞாயிறு பகல் 12.10

செவ்வந்தி அம்மாவுக்கு நன்றி. நான் சொல்ல வந்ததை என்னைவிட நன்றாகச் சொல்லிவிட்டீர்கள். தங்கவயலிலும் இதே கதைதான். 1880இல் ஜான் டெய்லர் கம்பெனி வந்தது. 1902இல் சிவசமுத்திரத்திலிருந்து கம்பி இழுத்து எங்கள் சுரங்கத்துக்கு மின்சாரம் கொண்டுவந்தார்கள், பெங்களூர்த் தெருவில் விளக்கு எரிந்தது 1905இல்தான். எண்ணூறு டன்னுக்கு மேல் தங்கம் போனது. 2001 பிப்ரவரி 28 அன்று கதவைச் சாத்தினார்கள். எங்களுக்கு மிஞ்சியது சயனைடு மேடு. காற்றடித்தால் அந்தப் பொடி துணிக்கொடி வரை வரும். நவூருவின் பவழப் பாறைப் படத்தைப் பார்த்தபோது எனக்கு எங்கள் ஊர்தான் தெரிந்தது. நவூருக்காரனும் தங்கவயல்காரனும் ஒரே சாதி.

செவ்வந்தி, ஞாயிறு பகல் 1.25

அண்ணா, கோபித்துக்கொள்ளாதீர்கள், அந்தக் கடைசி வாக்கியத்தில் எனக்கு உடன்பாடில்லை.

நவூருவில் பாறையை உடைத்தது நவூருக்காரர் அல்ல. பெரும்பாலும் சீனக் கூலிகள், பிறகு கில்பர்ட் தீவுக்காரர். நவூருக்காரர் நிலத்துக்குச் சொந்தக்காரர், பங்குப் பணம் குறைவோ நிறைவோ அவர் பெயரில் வந்தது. சீனர்களுக்கு ஒப்பந்தக் காலம் முடிந்ததும் கப்பல். 1948இல் கூலிக்காக வேலைநிறுத்தம் செய்தபோது ஆயுதப் படையை ஏவினார்கள். இருவர் துப்பாக்கிச் சூட்டில், இருவர் காவலில், ஆக நால்வர் இறந்தார்கள். சுதந்திர நவூருவின் விருந்திலும் அந்த வரிசைக்கு இலை போடவில்லை.

வட ஆற்காட்டிலிருந்து வந்து பாறையை உடைத்த உங்கள் தாத்தா யாருக்குச் சமம்? நவூருக்காரருக்கா, அந்தச் சீனருக்கா? 1930இல் தங்கவயலில் கைரேகை கேட்டபோது, நாங்கள் குற்றவாளிகளா என்று வேலைநிறுத்தம் செய்தார்களே, அது நிலத்துக்காரனின் கோபமா, கூலிக்காரனின் கோபமா?

இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. “நவூரு” என்று ஒரே ஆளாக வைத்து, கெட்டானா கெடுக்கப்பட்டானா என்று இருவரும் வாதாடுகிறீர்கள். அந்தத் தீவில் மூன்று வகை மனிதர்கள் இருந்தார்கள். மூன்றாவது வகை 2001இல் வந்தது.

வழிப்போக்கன், ஞாயிறு பகல் 1.40

அகதி முகாமா?

செவ்வந்தி, ஞாயிறு பகல் 2.20

ஆமாம். 2001 ஆகஸ்டில் டாம்பா என்ற நார்வேக் கப்பல் கடலில் தத்தளித்த நானூறுக்கும் மேற்பட்டோரைக் காப்பாற்றியது, பெரும்பாலும் ஆப்கானியர். ஆஸ்திரேலியா தன் கரையில் இறக்க மறுத்தது. திவாலாகிக்கொண்டிருந்த நவூருவிடம் பணம் கொடுத்து முகாம் போட்டது. 2008இல் மூடினார்கள், 2012இல் திறந்தார்கள். குழந்தைகளும் அங்கே ஆண்டுக்கணக்கில் இருந்தார்கள்.

2007இல் அந்த முகாமுக்குக் கொண்டுபோனவர்களில் எண்பதுக்கும் மேற்பட்டோர் இலங்கைத் தமிழர்கள். வரைபடத்தில் ஈ உட்கார்ந்த கறை என்று உங்கள் பேரன் கேட்டானே ஐயா, அங்கே நம் மொழியில் அழுதவர்கள் இருந்தார்கள்.

கணக்கர், ஞாயிறு மாலை 5.00

பிற்பகல் தூக்கம் போய்விட்டது. அந்த எண்பது பேர் விஷயம் எனக்குத் தெரியாது.

ஆனாலும் முகாம் என் வாதத்துக்கு எதிரானது அல்லவே. வாடகைக்கு விட்டது யார்? கையெழுத்துப் போட்டது நவூரு அரசு. பாஸ்பேட் தீர்ந்ததும் அவர்களிடம் மிஞ்சிய ஒரே சரக்கு இறையாண்மை. டிராபர்ட் கர்ட்டிஸ் தீவை உதறிக் காப்பாற்றிய அதே இறையாண்மை. அதைச் சில்லறையாக விற்றார்கள். தூதரக உறவில் 2002இல் தைவானை விட்டுச் சீனா, 2005இல் சீனாவை விட்டுத் தைவான், 2024 ஜனவரியில் மறுபடி சீனா. 2009இல், ஜார்ஜியாவிலிருந்து பிரிந்து ரஷ்யாவின் தயவில் நின்ற அப்காசியாவையும் தெற்கு ஒசெட்டியாவையும் நாடுகள் என்று ஏற்றுக்கொண்ட விரல்விட்டு எண்ணக்கூடிய நாடுகளில் நவூரு ஒன்று. ரஷ்யப் பணம் வந்ததாகச் செய்தி. 2021இல் கடலடியில் சுரங்கம் தோண்ட விதிகளை இரண்டு ஆண்டுகளுக்குள் முடியுங்கள் என்று சர்வதேசக் கடற்படுகை அமைப்புக்கு நெருக்கடி கொடுத்ததும் இதே நவூருதான். மண்ணைத் தோண்டி முடித்தவர்கள் கடலைத் தோண்டப் போகிறார்கள்.

மாரிக்குப்பம், ஞாயிறு இரவு 7.45

முதலில் செவ்வந்தி அம்மாவுக்கு. உங்கள் கேள்வியை அப்பாவிடம் படித்துக் காட்டினேன். நுரையீரலில் பாறைத்தூள் ஏறியவர், நீளமாகப் பேசினால் இருமல் வந்துவிடும். “சீனன்தான்” என்றார். அவ்வளவுதான் சொன்னார். ஆகவே அந்தக் கடைசி வாக்கியத்தை எடுத்துவிடுகிறேன்.

இப்போது கணக்கர் ஐயாவுக்கு. தைவானா சீனாவா என்று விலை பேசுவதை ஊழல் என்கிறீர்கள். பெரிய நாடுகள் செய்தால் அதற்கு ராஜதந்திரம் என்று பெயர். ஐ.நா.வில் நவூருவின் வாக்கு ஒன்று, நம் இந்தியாவின் வாக்கும் ஒன்று. வாங்குகிறவன் கடை வாசலில் வரிசையில் நிற்கும்போது விற்கிறவனை மட்டும் வைது என்ன பயன்? முகாமைத் தீவில் வைத்தது தன் வாக்காளர் கண்ணில் படக்கூடாது என்று நினைத்த ஆஸ்திரேலியா. அஞ்சல் பெட்டி வங்கியில் பணம் போட்டவன் மாஸ்கோக்காரன். அறக்கட்டளைப் பணத்தைத் தின்ற ஆலோசகர்கள் எத்தனை பேர் கோட்டுப் போட்டு வெளியூரிலிருந்து வந்தவர்கள்?

நவூரு அரசியல்வாதிகள் யோக்கியர்கள் என்று நான் சொல்லவே இல்லை. திருடினார்கள், ஊதாரித்தனம் செய்தார்கள். போலீஸ் தலைவர் ஒருவர் லம்போர்கினி வாங்கி, உடம்பு உள்ளே நுழையவில்லை என்று ஒரு கதை ஊரெல்லாம் சுற்றுகிறது. நவூரு என்றதும் எல்லோரும் அந்தக் காரைத்தான் சொல்வார்கள். 737 என்ற எண்ணை எத்தனை பேர் சொல்கிறார்கள்? என் கோபம் அந்தக் கணக்கின் மேல்தான்.

கடல் சுரங்க விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி. அதில் எனக்கும் பயம்.

வாய்தா, ஞாயிறு இரவு 8.20

ஒரு திருத்தம், இரு தரப்புக்கும். நவூரு ஒன்றும் கற்றுக்கொள்ளவில்லை என்ற தொனி கேட்கிறது. 2015இல் புதிதாக ஓர் அறக்கட்டளை நிதி வைத்திருக்கிறார்கள். இந்த முறை நிர்வாகத்தில் நன்கொடை நாடுகளும் உட்கார்ந்திருக்கின்றன. அதை முன்னேற்றம் என்பீர்களோ, மறுபடி மேற்பார்வையாளர் ஆட்சி என்பீர்களோ, உங்கள் பாடு.

கணக்கர், ஞாயிறு இரவு 9.15

எனக்கு முன்னேற்றம். மாரிக்குப்பத்துக்கு மேற்பார்வையாளர். அடுத்த வாரம் சண்டைக்கு வைத்துக்கொள்வோம்.

செவ்வந்தி அம்மா, பனாபாவை எந்தப் பத்தியில் எழுதுவீர்கள் என்று கேட்டீர்கள். மதியம் முழுக்க யோசித்தேன். கிரிபட்டியின் ஏட்டில் அது வரவு. பனாபாவின் ஏட்டில் வரவேண்டிய பாக்கி. ஆனால் பனாபாவுக்கு ஏடே இல்லை, ஏனென்றால் அது நாடு இல்லை. நான் இதுவரை தணிக்கை செய்ததெல்லாம் ஏடு வைத்திருந்தவர்களின் கணக்குதான்.

1968க்குப் பிந்தைய என் குற்றச்சாட்டில் ஒரு வரியையும் அழிக்கமாட்டேன்.

மாரிக்குப்பம், ஞாயிறு இரவு 9.22

அழிக்க வேண்டாம் ஐயா. முன்னால் நான்கு பக்கம் சேர்த்துத் தையுங்கள், போதும். பேரனை அழைத்துக்கொண்டு ஒருநாள் தங்கவயலுக்கு வாருங்கள். சயனைடு மேட்டைக் காட்டுகிறேன், அப்பாவையும் பார்க்கலாம்.

வழிப்போக்கன், ஞாயிறு இரவு 9.30

நானும் வரலாமா? ரயிலில் உட்கார இடம் கிடைக்குமா, இல்லை தொங்க வேண்டுமா?

மாரிக்குப்பம், ஞாயிறு இரவு 9.34

காலையில் அங்கிருந்து இங்கே வரும் வண்டியில்தான் கூட்டம். இங்கிருந்து அங்கே போகும் வண்டி காலியாகத்தான் போகும் தம்பி.